என் மகளின் விமானத்துக்கு ஒரு பதிவு எழுத்து

தமிழ்நாட்டிலிருந்து மக்களவைக்குச் சென்றுள்ள 39 உறுப்பினர்களுக்கும், மாநிலங்களவையில் இருக்கும் 18 உறுப்பினர்களுக்கும்,

போன மாதம் என் மகளின் பள்ளிக்குப் போய், ஒரு போட்டிக்கான பட்டியலிலிருந்து அவள் பெயரை எடுத்துவிடச் சம்மதம் சொல்லிவிட்டு வந்தேன். தோற்றுவிடுவாளோ என்று பயந்து எடுக்கவில்லை. ஜெயித்துவிடுவாளோ என்று பயந்து எடுத்தோம். நான் தலையாட்டிய அந்த நிமிடம் இன்றுவரை நெஞ்சில் முள்ளாகக் குத்துகிறது. அதனால்தான் உங்களுக்கு எழுதுகிறேன்.

நான் உங்களில் யாருக்கும் வாக்களித்தவள் இல்லை. யாரையும் எதிர்த்து வாக்களித்தவளும் இல்லை. திருச்சி கொட்டப்பட்டு இலங்கைத் தமிழர் முகாமில் வளர்ந்தவள். 1990 ஆகஸ்டில் என் அம்மா போருக்குத் தப்பி, என்னை வயிற்றில் சுமந்தபடி இலங்கையின் தலைமன்னாரிலிருந்து படகேறி இராமேசுவரம் கரைக்கு வந்தார். சில மாதங்கள் மண்டபம் முகாம். பிறகு இங்கே அனுப்பினார்கள். நான் 1991-இல் பிறந்தேன். என் பிறப்புச் சான்றிதழைக் கொடுத்தது தமிழ்நாடு அரசு. பள்ளிச் சான்றிதழ்களும் பி.காம். பட்டமும் இந்த மாநிலத்தில் வாங்கியவைதான். என் கணவரும் முகாமில் பிறந்தவர். பெயிண்ட் அடிக்கும் வேலைக்குப் போகிறார். எங்கள் மகளுக்குப் பதினொரு வயது, ஆறாம் வகுப்பு படிக்கிறாள். திருச்சியில், அரசு மருத்துவமனையில் பிறந்தவள். இந்த மாவட்டத்தைத் தாண்டி அவள் பார்த்த ஊர்கள் ஐந்தோ ஆறோதான்.

எங்கள் மூவருக்கும் ஒன்றிய அரசின் ஏட்டில் உள்ள பெயர் ‘சட்டவிரோதக் குடியேறிகள்’. குடியேறுவதற்கு என் மகள் எங்கிருந்தும் புறப்படவே இல்லை.

கொட்டப்பட்டு எங்கே இருக்கிறது என்று உங்களில் பலருக்குத் தெரியும். தொகுதிக்கு வரும்போது நீங்கள் இறங்குகிற அதே திருச்சி விமான நிலையத்தின் பக்கத்தில்தான் இருக்கிறோம். எங்கள் கூரைக்கு மேலேதான் நீங்கள் வந்து போகிறீர்கள். என் மகள் பேசக் கற்றுக்கொண்டதே இந்தச் சத்தத்துக்கு நடுவில்தான். நான்கு வயதில் வாலின் நிறத்தைப் பார்த்து ஊரைச் சொல்வாள். மஞ்சள் வால் சிங்கப்பூர். சிவப்பு வால் கோலாலம்பூர். மயில் வால் கொழும்பு. 2025 மார்ச் 30 முதல் யாழ்ப்பாணத்துக்கும் ஒரு விமானம் போகிறது. இரண்டு பக்கமும் விசிறி சுழலும் சின்ன விமானம். அதன் சத்தம் கேட்டால் அம்மாவும் வாசலுக்கு வந்துவிடுவார். அவர் ஓர் இரவு முழுவதும் கடலில் நடுங்கிக்கொண்டு வந்த தூரத்தை அது ஒரு மணி நேரத்தில் கடந்துவிடுகிறதாம். “அம்மம்மா, உங்கள் ஊர் மேலிருந்து தெரியுமா?” என்று பேத்தி கேட்பாள். அம்மா பதில் சொல்லாமல் சேலைத் தலைப்பால் கண்ணுக்கு மேல் குடை பிடித்துப் பார்த்துக்கொண்டே நிற்பார்.

அவளிடம் ஒரு நாற்பது பக்க நோட்டு இருக்கிறது. அதில் தேதி, நேரம், வாலின் நிறம் எல்லாம் எழுதுவாள். போன வருடம் அதில் புதிதாக ஒரு பத்தியைச் சேர்த்தாள். தாழ்வாக இறங்கும்போது இறக்கைக்கு அடியில் சில எழுத்துகள் தெரியும் என்று கண்டுபிடித்திருந்தாள். பள்ளி நூலகத்தில் தேடி விவரமும் தெரிந்துகொண்டாள். வி.டி. என்று தொடங்கினால் இந்திய விமானம். 4ஆர் என்றால் இலங்கை. 9வி சிங்கப்பூர், 9எம் மலேசியா. விமானங்களுக்கும் நாட்டுரிமை உண்டு என்பது எனக்கு அவள் சொல்லித்தான் தெரியும். 1944-இல் சிகாகோவில் நாடுகள் கூடிச் செய்துகொண்ட ஒப்பந்தம் அது. ஒரு விமானம் எந்த நாட்டில் பதிவாகிறதோ அந்த நாட்டுக்குரியது. ஒரே நேரத்தில் இரண்டு நாடுகளில் பதிவாக முடியாது. நாடு விட்டு நாடு பறக்க வேண்டுமானால் அந்தப் பதிவு எழுத்தை உடம்பில் தாங்கியிருக்க வேண்டும்.

அவளும் ஒரு விமானம் செய்தாள். சாப்பாட்டுக் கடையில் தருகிற தெர்மாகோல் தட்டில் இறக்கை, குச்சி ஐஸ் குச்சியில் உடல். முதலில் விட்டபோது மூக்கைத் தூக்கிக்கொண்டு மேலே போய் அப்படியே பின்பக்கமாகக் கவிழ்ந்தது. ஒரு வாரம் முழுக்க மாலைகளில் இதே வேலை. வால் சின்னதாயிற்று, இறக்கை முன்னால் நகர்ந்தது, பின்னால் நகர்ந்தது. கடைசியில் மூக்கில் ஒரு ரூபாய் நாணயத்தை ஒட்டினாள். அது எங்கள் வரிசையின் முதல் வீட்டு வாசலிலிருந்து தண்ணீர்க் குழாய் வரைக்கும் தரையைத் தொடாமல் போனது. தெருப்பிள்ளைகள் எல்லோரும் பின்னால் ஓடினார்கள். என் கணவர் வேலை முடிந்து வந்து அதைக் கையில் எடுத்துப் பார்த்தார். வாலுக்கு வண்ணம் அடிக்க அவள் எனாமல் டப்பாவைத் திறந்திருந்தாள். “எனாமல் வேண்டாம் அம்மா, பட்டால் தெர்மாகோல் உருகிவிடும்” என்று சொல்லி, வேலையிடத்தில் மீந்த நீல எமல்ஷனைத் தண்ணீர் கலந்து கொடுத்தார். வாலை நீலமாக்கிவிட்டு, இறக்கைக்கு அடியில் தன் எழுத்தைத் தானே எழுதிக்கொண்டாள். வி.டி. என்று தொடங்கி, பிறகு அவள் பெயரின் மூன்று எழுத்துகள். யாரும் சொல்லித்தரவில்லை. இந்தியாவில் செய்த விமானம், அதனால் வி.டி. அவளுக்கு அதில் சந்தேகமே வரவில்லை.

பள்ளியில் அந்த விமானத்தைப் பார்த்த அறிவியல் ஆசிரியர், வானவில் மன்றம் என்ற அரசுத் திட்டத்தின் போட்டிக்குப் பெயர் கொடுக்கச் சொன்னார். அரசுப் பள்ளிப் பிள்ளைகளின் அறிவியல் ஆர்வத்துக்காக வானவில் மன்றம் இதே திருச்சி மாவட்டத்தில்தான் 2022 நவம்பரில் தொடங்கப்பட்டது. மாநில அளவில் சிறந்து விளங்கும் பிள்ளைகளைக் கல்விச் சுற்றுலாவாக வெளிநாட்டுக்கு அழைத்துப்போகிறார்கள். துபாய்க்கும் சிங்கப்பூருக்கும் போய்வந்த அரசுப் பள்ளிப் பிள்ளைகளின் படங்களைச் செய்தித்தாளில் பார்த்து நானும் மகிழ்ந்திருக்கிறேன். கூலித் தொழிலாளியின் பிள்ளை விமானத்தின் படியில் நின்று கையசைக்கிற படம் யாரைத்தான் மகிழ்விக்காது? என் மகள் அந்தப் படங்களை வெட்டி நோட்டில் ஒட்டிவைத்திருக்கிறாள்.

ஒரு வாரம் கழித்துப் பள்ளியிலிருந்து என்னை வரச் சொன்னார்கள். அந்த ஆசிரியர் நல்லவர். சொல்லத் தயங்கி, மேசை மேலிருந்த சாக்பீஸ் துண்டுகளை அடுக்கிக்கொண்டே இருந்தார். “மாவட்டம் வரை தடையே இல்லை அம்மா. இவள் மாநிலம் வரை போவாள், எனக்கு நம்பிக்கை இருக்கிறது. ஆனால் அங்கே தேர்வானால் பாஸ்போர்ட் கேட்பார்கள். அப்போது பெயரை எடுத்தால் பிள்ளை தாங்குமா? இப்போதே வேறு ஒரு பிள்ளைக்குக் கொடுத்துவிடலாமா?” என்று கேட்டார். அவர் மேல் எனக்குக் கோபமே இல்லை. அவர் இடத்தில் நான் இருந்தாலும் அதையே கேட்டிருப்பேன். சரி என்றேன். வீட்டுக்கு வந்து, வயது போதவில்லை என்று மகளிடம் பொய் சொன்னேன்.

அவள் நம்பவில்லை. அடுத்த நாள் வகுப்பில் யாரோ சொல்லிவிட்டார்கள். அன்று மாலை அவள் அழவும் இல்லை, என்னிடம் கேட்கவும் இல்லை. இரவு பாய் விரிக்கும்போது அந்த விமானத்தைப் பார்த்தேன். இறக்கைக்கு அடியில் இருந்த எழுத்துகளைப் பென்சில் சீவும் பிளேடால் சுரண்டி எடுத்திருந்தாள். எழுத்து இருந்த இடத்தில் தெர்மாகோல் பள்ளம் பள்ளமாகப் பொரிந்து கிடந்தது. “பதிவு இல்லாததில் பதிவு எழுத்து எழுதக் கூடாது அம்மா, தப்பு” என்றாள்.

உறுப்பினர்களே, அந்தப் பள்ளத்தைப் பறித்தது பதினொரு வயதுப் பிள்ளை இல்லை. அதற்குப் பின்னால் மூன்று தேதிகள் இருக்கின்றன. அவற்றை நீங்கள் சட்டப் புத்தகத்தில் படித்திருப்பீர்கள். நாங்கள் வீட்டில் பிறந்தநாள்களைப் போல மனப்பாடமாக வைத்திருக்கிறோம்.

1987 ஜூலை 1-க்கு முன் இந்திய மண்ணில் பிறந்தவர், பெற்றோர் யாராக இருந்தாலும், பிறப்பாலேயே குடிமகன். அதன் பிறகு பிறந்தவருக்குப் பெற்றோரில் ஒருவராவது இந்தியராக இருக்க வேண்டும். 2004 டிசம்பர் 3 முதல் இன்னும் இறுகியது: பெற்றோர் இருவரும் இந்தியராக இருக்க வேண்டும், அல்லது ஒருவர் இந்தியராகவும் மற்றவர் சட்டவிரோதக் குடியேறி அல்லாதவராகவும் இருக்க வேண்டும். எங்கள் வரிசையிலேயே ஒரு பெண் உள்ளூர்க்காரரைக் கல்யாணம் செய்திருக்கிறாள். கணவருக்கு வாக்காளர் அட்டை இருக்கிறது, ரேஷன் கார்டு இருக்கிறது, பாட்டன் காலத்துப் பட்டா இருக்கிறது. அவர்கள் பிள்ளைக்கும் குடியுரிமை இல்லை. தாய் முகாம்காரி என்ற ஒன்று போதும்.

மண்டபம் முகாமில் 1986-இல் பிறந்து, இதே கொட்டப்பட்டில் வசிக்கிற ஒரு பெண்ணுக்குப் பாஸ்போர்ட் கொடுக்கும்படி 2022-இல் சென்னை உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை உத்தரவிட்டது. 2024 மக்களவைத் தேர்தலில் அவர் வாக்களித்தார். விரலில் மையோடு அவர் முகாமுக்குத் திரும்பிய அன்று எங்களுக்கெல்லாம் திருவிழா. அவருக்கும் எனக்கும் என்ன வித்தியாசம்? அதே கடல், அதே கரை, அதே முகாம். நான் நான்கைந்து ஆண்டுகள் தாமதமாகப் பிறந்தேன், அவ்வளவுதான்.

2019 டிசம்பரில் நீங்கள் இருக்கும் அவைகளில்தான் குடியுரிமைத் திருத்தச் சட்டம் நிறைவேறியது. பாகிஸ்தான், வங்கதேசம், ஆப்கானிஸ்தான் ஆகிய மூன்று நாடுகளிலிருந்து 2014 டிசம்பர் 31-க்குள் வந்த, முஸ்லிம் அல்லாத ஆறு சமயத்தவருக்குச் சட்டவிரோதக் குடியேறி என்ற முத்திரை நீங்கியது. அவர்களுக்குக் கிடைத்ததில் எனக்கு வருத்தம் இல்லை. அலைந்தவர்களின் வலி அலைந்தவர்களுக்குத் தெரியும். ஆனால் 1983 முதல் எங்கள் மக்கள் தப்பி வந்த இலங்கையின் பெயர் அந்தப் பட்டியலில் இல்லை. 2025 செப்டம்பரில் ஓர் ஆணை வந்தது: 2015 ஜனவரி 9-க்குள் வந்து பதிவு செய்துகொண்ட இலங்கைத் தமிழர்கள் பாஸ்போர்ட்டும் விசாவும் இல்லாமல் இருப்பதற்காகத் தண்டிக்கப்பட மாட்டார்கள். கைதுசெய்ய மாட்டோம் என்பது ஆறுதல்தான், மறுக்கவில்லை. ஆனால் பிறந்த ஊரில் கைதாகாமல் இருப்பதை ஒரு சலுகை என்று என் மகளுக்கு நான் எப்படிச் சொல்லித்தருவேன்?

“போர் முடிந்துவிட்டதே, திரும்பிப் போகலாமே” என்பார்கள். போனவர்கள் இருக்கிறார்கள். சென்னையிலுள்ள இலங்கைத் துணைத் தூதரகத்தில் பிள்ளைகளின் பிறப்பைப் பதிந்து, அந்நாட்டுக் குடியுரிமை வாங்கி, ஐ.நா. அகதிகள் ஆணையம் எடுத்துக் கொடுத்த டிக்கெட்டில் போனார்கள். அவர்களை நான் வழியனுப்பியிருக்கிறேன். திரும்புவது என்று முடிவெடுத்தவர்களுக்கு அது சரியான வழி. ஆனால் அது ஒருவழி டிக்கெட். போகிறவரின் முகாம் பதிவு நீங்கிவிடும். மயில் வால் விமானத்தில் தோழியை அனுப்பிவைத்த நாளில் என் மகள் கேட்டாள், “இங்கிருந்து பறந்தால் திரும்பி இறங்க முடியாதா?” என்று. அந்தப் பக்கம் மட்டும் கதவு திறந்தா இருக்கிறது? 2025 மே மாதம், அதே ஆணையத்தின் உதவியோடு திரும்பிய 75 வயது முதியவர் ஒருவர் யாழ்ப்பாணத்தின் பலாலி விமான நிலையத்திலேயே கைதுசெய்யப்பட்டார். உயிருக்குப் பயந்து பாஸ்போர்ட் இல்லாமல் நாட்டைவிட்டு ஓடியதுதான் குற்றம். இந்தச் செய்தியை வாசித்த பிறகு, இதுவரை பார்த்தேயிராத மன்னாருக்குப் பிள்ளையைக் கூட்டிக்கொண்டு போக எந்தத் தாய்க்கு மனம் துணியும்?

அதே மாதத்தில் உச்ச நீதிமன்றத்தில் ஓர் இலங்கைத் தமிழரின் வழக்கில், இந்தியா தர்மசத்திரம் அல்ல என்று நீதிபதி ஒருவர் சொன்னதாகச் செய்தி வந்தது. நீதிமன்றத்தின் மேல் மரியாதை வைத்தே சொல்கிறேன். சத்திரத்தில் வழிப்போக்கர்கள் இரண்டு இரவு தங்குவார்கள். முப்பத்தைந்து ஆண்டுகள் தங்கி, அங்கேயே பிறந்து, படித்து, கல்யாணம் செய்து, பிள்ளை பெற்று, பெற்றவர்களை அந்த ஊர் மண்ணிலேயே புதைத்தவர்களை எந்த ஊரிலும் வழிப்போக்கர் என்று சொல்வதில்லை.

முகாம் என்பது என்ன என்று இரண்டு வரி சொல்லிவிடுகிறேன். 2021-இல் மாநில அரசு ‘அகதிகள் முகாம்’ என்ற பெயரை ‘மறுவாழ்வு முகாம்’ என்று மாற்றியது, உதவித்தொகையைக் கூட்டியது, பல முகாம்களில் புது வீடுகள் எழுப்பியது. அந்த நன்றியை மறக்க மாட்டோம். ஆனால் ‘செக்கிங்’ இருக்கிறது. குறித்த நாளில் குடும்பமாக நின்று ஆளைக் காட்ட வேண்டும். என் மகளுக்கு நான்கு வயதில் டைபாய்டு வந்தபோது, காய்ச்சலோடு போர்வையில் சுற்றித் தோளில் போட்டுக்கொண்டு போய் அந்த வரிசையில் நின்றிருக்கிறேன். வெளியூரில் இரவு தங்க வேண்டுமானால் அனுமதி கேட்க வேண்டும். பெரியவர்களான எங்களுக்கு இது பழகிவிட்டது. பிள்ளைகளுக்கும் பழகிவருகிறதே, அதுதான் எனக்குத் தாங்கவில்லை. மாலை வகுப்பில் நான் பாடம் சொல்லித்தரும் முகாம் பிள்ளைகளிடம், பெரியவர்கள் ஆனதும் என்ன ஆவீர்கள் என்று கேட்பேன். ஒன்றாம், இரண்டாம் வகுப்புப் பிள்ளைகள் கலெக்டர், போலீஸ், டாக்டர் என்று கத்துவார்கள். எட்டாம் வகுப்பைத் தாண்டியவர்கள் வாயைத் திறப்பதில்லை. ஒருவன் மட்டும் போன வாரம், “பெயிண்டிங் வேலை, டீச்சர். நல்ல கூலி” என்றான். அவன் கணக்கில் நூற்றுக்கு நூறு வாங்குகிறவன். பெயிண்ட் வேலை இழிவு என்று சொல்லவில்லை, எங்கள் அடுப்பு எரிவதே அதில்தான். ஆனால் அவன் அதை விரும்பித் தேர்ந்தெடுக்கவில்லை. மற்ற கதவுகள் எல்லாம் சாத்தியிருப்பதைப் பதின்மூன்று வயதிலேயே கண்டுகொண்டுவிட்டான்.

என் மகள் விமானி ஆக வேண்டும் என்கிறாள். பன்னிரண்டாம் வகுப்பில் இயற்பியலும் கணிதமும் வேண்டும், வணிக விமானி உரிமத்துக்கு 200 மணி நேரம் பறந்திருக்க வேண்டும் என்றெல்லாம் அவளே எழுதிவைத்திருக்கிறாள். அதற்கு ஆகிற பணம் எங்கள் வாழ்நாள் கூலியைவிட அதிகம் என்பது எனக்குத் தெரியும். நாளைக்கு அவள் மனம் வேறு எதற்காவது மாறலாம், மாறட்டும். பணம் இல்லை என்று ஒரு கனவு நின்றுபோனால் ஏழை வீட்டில் பிறந்தவள் நான் அதைப் புரிந்துகொள்வேன், அவளுக்கும் புரியவைப்பேன். ‘நாட்டுரிமை’ என்ற ஒரு கட்டத்தில் எழுத ஒரு சொல் இல்லாமல் நின்றுபோவதைப் புரியவைக்க என்னால் முடியவில்லை.

ஆகவே கேட்கிறேன். குடியுரிமைச் சட்டத்தில் உள்ள ‘சட்டவிரோதக் குடியேறி’ என்ற வரையறையிலிருந்து, இந்தியாவில் அகதிகளாகப் பதிவு செய்யப்பட்ட இலங்கைத் தமிழர்களை விலக்கும் திருத்தத்தை அடுத்த கூட்டத்தொடரில் கொண்டுவர, கட்சி பார்க்காமல் 57 பேரும் கையெழுத்திட்டு ஒன்றிய அரசிடம் கொடுங்கள். அரசு கொண்டுவராவிட்டால் உங்களில் ஒருவர் தனிநபர் மசோதாவாகக் கொண்டுவாருங்கள், மற்றவர்கள் அன்று அவையில் இருங்கள். நூற்றுக்கும் மேற்பட்ட முகாம்களில் இருக்கும் சுமார் 58,000 பேருக்கு உங்களைத் தவிர அந்த அவையில் குரல் இல்லை.

பெரியவர்களின் விஷயம் சிக்கல் என்றால், பிள்ளைகளையாவது பிரித்துப் பாருங்கள். குழந்தை உரிமைகளுக்கான ஐ.நா. உடன்படிக்கையை இந்தியா 1992-இல் ஏற்றது. நாட்டுரிமை பெறுவது ஒவ்வொரு குழந்தைக்கும் உள்ள உரிமை என்றும், நாடற்றுப் போகும் நிலையிலுள்ள குழந்தைகளை இதில் முக்கியமாகக் கவனிக்க வேண்டும் என்றும் அதன் 7-ஆவது பிரிவு சொல்கிறது. இந்தியாவில் பிறந்து, வேறு எந்த நாட்டின் குடியுரிமையும் இல்லாத குழந்தை இந்தியக் குழந்தை என்று குடியுரிமைச் சட்டத்தின் 3-ஆவது பிரிவில் ஒரு வரி சேர்க்கக் கேளுங்கள்.

அதற்கும் காலமாகும் என்று தெரியும். அதுவரைக்கும் ஒரு வழி ஏற்கெனவே இருக்கிறது. திபெத்திய அகதிகளுக்கு இந்திய அரசு அடையாளச் சான்று என்ற மஞ்சள் அட்டைப் பயண ஏட்டைக் கொடுக்கிறது. அதை வைத்துக்கொண்டு அவர்கள் வெளிநாடு போய்த் திரும்பி வருகிறார்கள். முகாமில் பிறந்த மாணவர்களுக்கும் அதே ஏட்டைக் கொடுக்க உள்துறை, வெளியுறவு அமைச்சகங்களிடம் கேளுங்கள். இதற்குப் புதிய சட்டம் எதையும் இயற்ற வேண்டியதில்லை என்றே நம்புகிறேன். அவையில் ஒரு கேள்வியாக எழுப்பி, எழுத்துப்பூர்வமான பதிலை வாங்குங்கள்.

அடுத்த ஆண்டு அந்தப் போட்டி மறுபடியும் வரும். அப்போது அவள் ஏழாம் வகுப்பில் இருப்பாள். விமானத்தை அவள் தூக்கிப் போடவில்லை. பரணில் நோட்டுக்குப் பக்கத்தில், நாணயம் ஒட்டியபடியே இருக்கிறது. பட்டியல் எழுதும் நாளில் அந்த ஆசிரியர் என்னை மறுபடியும் அழைத்து, பெயரைச் சேர்க்கட்டுமா வேண்டாமா என்று கேட்பார். அன்று நான் அவருக்குச் சொல்ல வேண்டிய பதிலை, அதற்கு முன்னால் உங்கள் கையெழுத்தோடு எனக்கு எழுதி அனுப்புங்கள்.

இப்படிக்கு,
கொட்டப்பட்டு முகாமிலிருந்து ஒரு தாய்